வம்ப மாரியும் கொல்லிப் பாவையும்
சங்கச் செய்யுளை வானிலைச் சான்றாகக் கொள்ளுதல் பற்றிய மதிப்பீடு

சங்கச் செய்யுட்களில் முகிலும் மழையும் காற்றும் பனியும் பேசப்படும் இடங்களைத் தொகுத்து, அவற்றைக் கொண்டு பண்டைத் தமிழகத்தின் வானிலையை வரையறுக்க முயலும் கட்டுரைகளை நம் மாணவர் பலர் எழுதுகின்றனர். அவற்றுள் ஒரு சாரன, புலவர் இன்றைய வானிலை அறிவியலை அன்றே கண்டுவிட்டனர் என்று பெருமிதம் கொள்வன. மற்றொரு சாரன, பாட்டில் மழை பெய்தால் நாட்டிலும் மழை பெய்தது எனக் கொண்டு கணக்கெடுப்பன. இவ்விரண்டிற்கும் எதிராக, சங்கப் பாட்டின் மழை வெறும் மரபு, அதற்கும் வானத்திற்கும் உறவே இல்லை என்று தள்ளிவிடுவாரும் உளர். மூவர் கூற்றும் குறையுடையன என்பது என் கருத்து. எங்ஙனம் குறையுடையன என்பதைக் கொல்லிமலை பற்றிய சில பாடல்களையும், அவற்றோடு ஒப்பு நோக்கத் தக்க வேறு சிலவற்றையும் கொண்டு ஆராய்தல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

கொல்லியைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. சங்கப் பாடல்களிற் பேசப்படும் இடங்கள் பலவற்றை இன்ன இடம் என்று துணிதல் அரிது. கொல்லியோ பெயரும் மாறாது இடமும் மாறாது இன்றும் நிற்பது. இன்றைய நாமக்கல் மாவட்டத்தில், கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதியாய், ஏறத்தாழ 1,000 முதல் 1,300 மீட்டர் வரை உயர்ந்து நிற்கும் மலை அது. சேந்தமங்கலத்தைக் கடந்து காரவள்ளியிலிருந்து 70 வளைவுகள் ஏறி மேலே செல்வோர், கீழே விட்டு வந்த வெயிலுக்கும் மேலே காணும் மஞ்சுக்கும் உள்ள வேற்றுமையை உடலாலேயே உணர்வர். உயரம் ஆயிரம் மீட்டர் ஏறினால் வெப்பம் சராசரியாக ஆறு பாகைக்கு மேல் குறையும் என்பது வளிமண்டல அறிவியலின் தொடக்கப் பாடம். ஆதலின், பாட்டு ஒருபுறமும் மலை ஒருபுறமுமாக வைத்துச் சரிபார்க்க நமக்குக் கிடைத்த நல்ல இடங்களுள் கொல்லியும் ஒன்று.

பெருமிதம் கொள்வார் கூற்றை விரைவிற் கடந்து செல்லலாம். முகில் கடல்நீரை முகந்து மலையேறிப் பொழிகிறது என்று முல்லைப்பாட்டின் தொடக்கம் கூறுகிறது. பட்டினப்பாலையும் அக்கருத்தை வேறோர் உவமைக்குப் பயன்படுத்துகிறது. இதனைக் கொண்டு, நீர்ச்சுழற்சியைத் தமிழர் முதலிற் கண்டனர் என்று எழுதுவார்க்கு ஒன்று சொல்லலாம். கடலிலிருந்து முகில் நீர் கொள்கிறது என்னும் எண்ணம் பழைய இலக்கியங்கள் பலவற்றிலும் உண்டு. கூர்ந்து காணுதல் ஒன்று. அளந்து சரிபார்த்தல் மற்றொன்று. முன்னது புலவர்க்கு நிறைய இருந்தது. பின்னதை அவர் வேண்டவும் இல்லை. வேண்டாத ஒன்றை அவர் தலையிற் சூட்டுவதால், அவர் உண்மையில் செய்ததைக் காணாது விடுகிறோம். இழப்பு அறிவியலுக்கு அன்று, பாட்டிற்கே.

அவர் செய்தது யாது? கொல்லிக்கு உரியவனான வல்வில் ஓரியைக் கழைதின் யானையார் பாடிய புறநானூறு 204 ஆம் பாட்டை நோக்குக. ஈ என இரத்தலும், கொடேன் என மறுத்தலும், கொள் எனக் கொடுத்தலும், கொள்ளேன் என மறுத்தலும் ஒன்றினொன்று இழிந்ததும் உயர்ந்ததுமாக அடுக்கப்படுகின்றன. கடல்நீர் தெளிந்து பரந்து கிடந்தும் நீர்வேட்கை உற்றார் அதனை உண்ணார். கலங்கிச் சிறிதாயினும் உண்ணுநீர் உள்ள இடத்தையே நாடுவர். அதன் பின்னர் வருவதே நமக்கு வேண்டுவது. பரிசில் பெறாது மீள்வோர், தாம் புறப்பட்ட புள் நிமித்தத்தையும் பொழுதையும் பழிப்பரே அன்றித் தாம் நாடிச் சென்றவரைப் பழியார். ஆதலின் யானும் உன்னை வெறுக்க மாட்டேன் என்று கூறி, வரையாது வழங்கும் வானத்தை ஓரிக்கு உவமையாக்கி முடிக்கிறார் புலவர்.

இங்கு வானத்தோடு சேர்ந்து வரும் அடைமொழி கருவி என்பது. தொல்காப்பிய உரியியல் இச்சொல்லுக்குத் தொகுதி எனப் பொருள் வகுக்கும். மின்னும் இடியும் முகிலும் காற்றும் ஒருங்கு கூடிய தொகுதி என்பதே உரைகாரர் கொண்ட பொருள். இக்காலத்தில் கருவி என்றால் அளக்கும் பொறி என்றே மாணவர் நினைக்கின்றனர். பொருள் மாற்றம் தற்செயலாக நிகழ்ந்ததே. அதில் மறைபொருள் தேட வேண்டுவதில்லை. ஆயினும் புலவர் வானத்தை ஒற்றைப் பொருளாகக் காணாது, பல கூறுகள் ஒருங்கியங்கும் ஒன்றாகக் கண்டனர் என்பது இவ்வடைமொழியால் விளங்கும். அதற்கு மேல் ஒன்றும் விளங்காது. அப்பாட்டைக் காட்டி ஓரி காலத்தில் கொல்லியில் மழை மிகுதி என்று எழுதுதல் தவறு. வானம் வரையாது பொழிந்தது என்று புலவர் கூறவில்லை. பரிசில் கிடைக்குமோ கிடையாதோ என்னும் ஐயத்தில் நிற்கும் ஒருவர், கிடைக்க வேண்டும் என்பதற்காக வானத்தை உவமை கூறுகிறார். வானமும் சில ஆண்டுகளிற் பொய்ப்பது என்பது கேட்போனாகிய ஓரிக்கும் தெரியும். அந்த அறிவு இருவர்க்கும் இடையே நிற்பதனாலேயே உவமைக்கு வலி உண்டாகிறது.

இனி, இவ்வாராய்ச்சியின் உயிர்நிலையான இடத்திற்கு வருவோம். வானிலை ஆய்வாளர் நம் பாடல்களை நாடுவதற்குத் தக்க காரணம் இருக்கிறது. கருவியால் அளந்த பதிவுகள் மிக இளையன. சென்னை வானாய்வகம் 1792 இல் அமைந்தது. சென்னையின் மழையளவுத் தொடர் 1813 முதல் கிடைக்கிறது. இந்திய வானிலை ஆய்வுத் துறை 1875 இல் தோன்றியது. கொடைக்கானல் வானாய்வகம் 1899 இல். இருநூறு ஆண்டுப் பதிவு, ஈராயிரம் ஆண்டுத் தட்பவெப்ப வரலாற்றிற்குப் போதாது. ஆதலின் அறிஞர் மரவளையங்களையும், குகைகளில் படிந்த சுண்ணப் படிவுகளையும், ஏரிகளின் அடிமண்ணையும் அகழ்ந்து நோக்குகின்றனர். கல்வெட்டுக்களில் பஞ்சமும் ஏரியுடைப்பும் குறிக்கப்பட்ட இடங்களையும் தேடுகின்றனர். அவ்வரிசையில் சங்கப் பாடலும் வைக்கப்படுமாயின், அதனைப் படிக்கும் முறையைச் சொல்ல வேண்டியவர் தமிழ்த்துறையார். நாம் சொல்லாது விட்டால் பாட்டின் சொற்பொருளை மட்டும் கண்டு அவர் முடிவு கட்டுவர். அம்முடிவு நம் பெயராலேயே உலவும்.

குறுந்தொகை 66 ஆம் பாட்டு தக்க சான்று. தலைவன் கார்ப்பருவத்தில் வருவதாகக் கூறிப் பிரிந்தான். கொன்றை பூத்துவிட்டது. அதனைக் கண்டு வருந்தும் தலைவியிடம் தோழி, இக்கொன்றை மரங்கள் அறிவில்லாதன. அவர் குறித்த பருவம் இன்னும் வரவில்லை. காலமல்லாக் காலத்துப் பெய்த வம்ப மாரியைக் கார் என்று மயங்கிப் பூத்துவிட்டன என்று கூறுகிறாள். வம்பு என்பதற்கு நிலையின்மை என்பது உரியியல் தரும் பொருள். வந்து நில்லாத மழை, பருவத்திற்கு உரியதாகாத மழை என்க.

இப்பாட்டைப் பொருளளவிற் படிப்பவர்க்கு இது அரிய செய்தி. பருவம் தப்பிய மழை ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்னும் உண்டு, அதனால் மரங்கள் முன்கூட்டிப் பூத்தன என்று குறித்துக்கொள்வர். ஆனால் கூற்று யாருடையது? தோழியுடையது. கேட்போர் யார்? ஆற்றாளாகிய தலைவி. துறைக்குறிப்பு, பருவம் கண்டு வருந்தியவளைப் பருவம் அன்று என்று தோழி வற்புறுத்தியதாகக் கூறும். அஃதாவது வந்திருப்பது காரே. தோழி அதனை அறிவாள். தலைவி உயிர் தாங்கும் பொருட்டு, உண்மையான பருவத்தை வம்ப மாரி என்று மாற்றிச் சொல்கிறாள். துறைக்குறிப்பின்படி இப்பாட்டு பருவம் தப்பிய மழைக்குச் சான்று அன்று. பருவம் தவறாது பெய்த மழைக்கே சான்று. சொற்பொருளும் பாட்டின் பொருளும் நேர் எதிராக நிற்கின்றன.

துறைக்குறிப்புப் பிற்காலத்தார் வகுத்தது, அதனை ஏன் நம்ப வேண்டும் என்று வினவலாம். வினா தக்கதே. குறிப்பை விலக்கிப் பாட்டை மட்டும் வைத்து நோக்கினும், பெய்த மழை காரா வம்பா என்று முடிவு கூறும் வேறொரு குரல் பாட்டினுள் இல்லை. உள்ளது தோழியின் குரல் ஒன்றே. அக்குரலுக்கு ஒரு நோக்கமும் உண்டு. ஆகவே குறிப்பைக் கொண்டால் சான்று தலைகீழாகிறது. கொள்ளாவிட்டால் சான்று ஐயத்திற்குரியதாகிறது. எவ்வழியும் கணக்கில் எழுதத் தக்கதாக இல்லை.

ஓதலாந்தையார் பாடிய குறுந்தொகை 21 இதனோடு வைத்துப் படிக்கத் தக்கது. அங்கே பேசுபவள் தலைவியே. கொன்றை பூத்த கானம் இது கார் என்று சொல்லினும் யான் நம்பேன், அவர் பொய் கூறார் ஆதலின் என்கிறாள். கண்ணுக்கு எதிரே உள்ள காட்சியை ஒருவர் சொல்லின் பொருட்டு மறுப்பது எத்துணை அருமையானது! காட்சி பிழையன்று என்று அவளுக்கே தெரியும். தெரிந்தும் மறுப்பதிலேதான் அவள் துயரம் வெளிப்படுகிறது. இவ்விரு பாடல்களும் சுவைப்பதற்கு ஒரு முன்னறிவு வேண்டும். கார் இன்ன காலத்தில் வரும், அதனை இன்ன குறிகளால் அறியலாம், குறிகள் சில ஆண்டுகளில் பொய்யாகத் தோன்றுதலும் உண்டு என்பது கேட்போர்க்குத் தெரிந்திருக்க வேண்டும். பருவம் தப்பிய மழையே இல்லாத நாட்டில் தோழியின் பொய் எடுபடாது. இங்கேதான் பாட்டு வானிலைக்குச் சான்றாகிறது. அது காட்டுவது, மழை பெய்த நாளை அன்று. மக்கள் மனத்தில் இருந்த எதிர்பார்ப்பையும், அவ்வெதிர்பார்ப்புத் தவறுவதும் உண்டு என்ற பட்டறிவையும் ஆம்.

இதே இடர்ப்பாடு இன்றைய வானிலை ஆய்வாளர்க்கும் உண்டு என்பதை மாணவர் அறிய வேண்டும். கேரளத்தில் தென்மேற்குப் பருவமழை தொடங்கிற்று என்று அறிவிக்க, ஒருநாள் மழை போதாது. மே 10 ஆம் நாளுக்குப் பின்னர், மினிக்காய் முதல் மங்களூர் வரை குறித்து வைத்த 14 நிலையங்களுள் 60 விழுக்காட்டில், இரண்டு நாட்கள் தொடர்ந்து 2.5 மில்லிமீட்டருக்குக் குறையாமல் மழை பதிவாக வேண்டும். மேலைக்காற்றின் ஆழமும், பூமியிலிருந்து விண்ணுக்குச் செல்லும் வெப்பக் கதிர்வீச்சின் அளவும் அதற்கு இயைந்திருக்க வேண்டும். இத்துணைக் கட்டுப்பாடு எதற்கு? வம்ப மாரியைக் கார் என மயங்காதிருத்தற்கே. கொன்றை ஒன்றே சான்றாகாது என்று தோழி கூறியது பொய்யாயினும், அப்பொய் சாயும் தூண் மெய்யானது. தனிக்குறி ஒன்றை நம்பலாகாது என்னும் நியாயம் அது.

திணை மரபை வெறும் மரபு என்று தள்ளுவார்க்கு விடையும் இங்கிருந்தே கிடைக்கும். வானிலை என்பது இன்றைய நிலை. தட்பவெப்பம் என்பது நெடுங்காலச் சராசரி. ஆய்வாளர் 30 ஆண்டுப் பதிவைச் சராசரி எடுத்து அதனை இயல்பு என்பர். 1991 முதல் 2020 வரை எடுத்த சராசரி அவ்வகையது. ஓர் ஆண்டு மழை மிகுந்தது, குறைந்தது என்பதெல்லாம் இவ்வியல்பை நோக்கியே. தொல்காப்பியர் முல்லைக்குக் காரும் மாலையும் குறிஞ்சிக்குக் கூதிரும் யாமமும் என்று பொழுது வகுத்ததும் இயல்பு காட்டுதலே அன்றி நாட்குறிப்பு எழுதுதல் அன்று. எண்ணால் எடுத்த சராசரிக்கும் வழக்கால் எடுத்த சராசரிக்கும் முறையில் வேறுபாடு மிக உண்டு. ஆயினும் இரண்டும் தனி நிகழ்ச்சியை அளக்கும் கோல்கள். குறுந்தொகைத் தோழி அக்கோலை எடுத்தே கொன்றையைப் பழிக்கிறாள்.

கோலையே தவறாகப் பிடிப்பாரும் உளர். கார் என்பது ஆவணியும் புரட்டாசியும், கூதிர் என்பது ஐப்பசியும் கார்த்திகையும் என்று உரையாசிரியர் கூறுவர். தொல்காப்பிய நூற்பாவில் திங்கட் பெயர் இல்லை, அது உரைவழக்கு. அதனை அப்படியே இன்றைய நாட்காட்டியில் ஏற்றிச் சங்ககால மழைக் காலத்தைக் கணிப்பவர் ஒன்றை மறக்கின்றனர். நம் திங்கள்கள் விண்மீன் வட்டத்தை ஒட்டியன. பருவங்களோ ஞாயிறு நடுக்கோட்டைக் கடக்கும் நாளை ஒட்டியன. பூமியின் அச்சு மெல்லச் சுழல்வதால் இவ்விரண்டும் ஏறத்தாழ 71 ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் விலகிச் செல்கின்றன. உரையாசிரியர் காலம் இன்றைக்கு 900 ஆண்டுகட்கு முன் என்று கொண்டால், அவர் கூறிய ஆவணி பருவக்கணக்கில் இன்றைய ஆவணிக்குப் பன்னிரண்டு பதின்மூன்று நாள் முந்தியது. சங்ககாலத்திற்குச் சென்றால் விலக்கம் இன்னும் மிகும். பருவம் மாறிற்று, மழை பிந்துகிறது என்று இலக்கியச் சான்று காட்டுவோர் இந்த விலக்கத்தைக் கழித்துவிட்டா பேசுகின்றனர் என்று நாம் கேட்க வேண்டும்.

இடவேறுபாடும் அவ்வாறே. கொல்லிமலையில் வல்வில் ஓரி விழா ஆடித்திங்களில் எடுக்கப்படுகிறது. உரைவழக்கின்படி ஆனியும் ஆடியும் முதுவேனில். அந்நாட்களில் செம்மேட்டில் நிற்பவர்க்கு வேனில் நினைவுக்கு வராது; குளிர்காற்றும் மஞ்சுமே வரும். இதனால் உரையாசிரியர் பிழைத்தார் எனல் ஆகாது. அவர் வகுத்தது பெருநிலத்திற்கு உரியது. ஒரு மலையின் மேற்பரப்பிற்கு அது முழுதும் பொருந்தும் என்று அவர் சொல்லவும் இல்லை. மலைநாட்டில் அடுத்தடுத்த இரு சரிவுகளின் மழையளவே ஒவ்வாது என்பதை மழைமானி வைத்தவர் அனைவரும் அறிவர்.

முல்லைக்குக் காரோடு மாலை இயைந்தது பற்றி ஓர் எண்ணம் தோன்றுகிறது. தமிழகம் ஆண்டு மழையில் ஏறத்தாழப் பாதியை அக்டோபர் முதல் டிசம்பர் வரையில் வடகிழக்குப் பருவக்காற்றால் பெறுகிறது. கடற்கரை மாவட்டங்கட்கு அதுவே பெருமழை. சேலம், நாமக்கல், தருமபுரி போன்ற உள்நாட்டிலோ அதற்கு முன்னரே ஆகஸ்டு, செப்டம்பரில் நல்ல மழை உண்டு. அம்மழை பெரும்பாலும் பகலெல்லாம் நிலம் காய்ந்து, சூடான காற்று மேலெழுந்து, பிற்பகலிலும் மாலையிலும் இடியுடன் பொழிவது. காரும் மாலையும் சேர்ந்த முல்லை, இத்தகைய உள்நாட்டுக் காட்டு நிலத்தில் தோன்றிய காட்சியோ? முல்லைப்பாட்டும் பெருமழை பெய்த மாலையிலேயே தொடங்குகிறது. எண்ணம் கவர்ச்சியுடையதே. ஆயினும் அதனை முடிபாகக் கொள்ளத் துணியேன். ஆனிரை மீள்வதும் விளக்கேற்றுவதும் தனித்திருப்பவர் நெஞ்சு வருந்துவதும் மாலையில். இருத்தல் என்னும் உரிப்பொருளுக்கு மாலை பொருந்துதற்கு இடிமழை வேண்டியதில்லை. இரு காரணம் ஒருங்கு நிற்கும்போது தமக்குப் பிடித்த ஒன்றை மட்டும் எடுத்தல் ஆராய்ச்சி நெறி அன்று. முல்லைப் பாடல்களில் மழை பெய்யும் நேரம் தெளிவாகக் கூறப்பட்ட இடங்களைக் கூற்றும் துறையும் நோக்கி ஒருவர் தனித்து ஆராய்ந்தால் இவ்வையம் தீரக்கூடும். முதுகலை மாணவர்க்கு அது தக்க பொருள்.

தொகுப்பதைப் பற்றியும் ஒரு சொல். நம் ஆய்வேடுகள் பலவற்றில் மழை வரும் இடம் இத்தனை, இடி வரும் இடம் இத்தனை என்ற எண்ணிக்கை மிகுந்து, அவற்றிடை உறவு யாது என்ற வினா குறைந்திருக்கக் காண்கிறோம். தொகுப்பை இகழ்தல் என் கருத்தன்று. 1904 முதல் 1924 வரை இந்திய வானாய்வகங்களின் தலைமைப் பொறுப்பில் இருந்த கில்பர்ட் வாக்கர் கணிதம் வல்லவர். வானிலைத் துறைக்குப் புதியவராக வந்தவர். இந்தியப் பருவமழை பொய்க்கும் ஆண்டை முன்னறிய வேண்டி, உலகின் பல மூலைகளிலிருந்து காற்றழுத்தம், வெப்பம், மழை ஆகியவற்றின் எண்களைத் தொகுத்து ஒன்றோடொன்று ஒப்பிட்டார். பசிபிக் பெருங்கடற் பகுதியில் அழுத்தம் ஏறும்போது இந்தியப் பெருங்கடற் பகுதியில் இறங்கும் ஊசலாட்டத்தைக் கண்டு அதற்குத் தென்கோள ஊசலாட்டம் எனப் பெயரிட்டார். காரணம் அவர்க்குத் தெரியவில்லை. அவர் கண்ட தொடர்புகள் பல பின்னாளில் வலுவிழந்தன. எல் நினோ என்னும் கடல் வெம்மையோடு அவ்வூசலாட்டத்தைப் பிணைத்துக் காரணம் காட்டியவர் பியர்க்னசு. அது 1969 இல். தொகுப்பு நிற்க, தொடர்பு பிழைக்க, காரணம் பின்னர் வந்த வரலாறு இது. வாக்கர் தம் எண்களை ஒழுங்காகத் தொகுத்து வைத்தமையால் பின்வந்தார்க்குப் பயன்பட்டது. நாம் கூற்றும் துறையும் குறியாது தொகுத்த அடைவு பின்வருவார்க்கும் பயன்படாது.

எண் ஒழுங்காதற்குக் கருவி ஒழுங்காதல் வேண்டும். 1918 இல் பீர்மேட்டில் பிறந்து, சென்னை மாநிலக் கல்லூரியிற் பயின்று, இராமனின் ஆய்வகத்திற் பணிபுரிந்து, 1948 இல் வானிலை ஆய்வுத் துறையிற் சேர்ந்த அன்னா மணி தம் வாழ்நாளின் பெரும்பகுதியைக் கருவிகளைச் செய்வதிலும் அவற்றை ஒத்துப் பார்த்துத் திருத்துவதிலும் கழித்தார். ஞாயிற்றின் கதிர்வீச்சை நாடெங்கும் ஒரே அளவையால் அளக்க வழி செய்தவர் அவர். பிழையான அளவை வைத்துக்கொள்வதினும் அளவே இல்லாதிருத்தல் நன்று என்பது அவர் கொள்கை எனச் சொல்லுவர். ஏடு பார்த்துப் பதிப்பித்தவர் வழியில் வந்த நமக்கு இக்கொள்கை புதிதன்று. 1915 இல் பின்னத்தூர் நாராயணசாமி ஐயர் உரையோடு வெளிவந்த நற்றிணையும், 1937 இல் சாமிநாதையர் பதிப்பித்த குறுந்தொகையும் பாட வேறுபாடுகளை ஒப்பிட்டுக் கண்ட உழைப்பின் பயன்கள். ஓரெழுத்து மாறினால் மழை மலையாகும், மலை மழையாகும். சங்கப் பாடலை வானிலைச் சான்றாகக் காட்டுவோர் எப்பதிப்பின் எப்பாடத்தைக் கொண்டனர் என்று கூறாது விடுதல், எக்கருவியால் அளந்தோம் என்று கூறாது மழையளவை வெளியிடுதல் போல்வது.

இனிக் கொல்லிப் பாவைக்கு வருவோம். நற்றிணை 201 ஆம் பாட்டு பரணர் பாடியது. அவள் பெறுதற்கரியள், காவலில் உள்ளவள், இளையள், அவளை நினைத்தல் ஆகாது என்று இடித்துரைத்த பாங்கனுக்குத் தலைவன் விடை கூறுகிறான். பலா மிக்க கொல்லியில், தெய்வம் காக்கும் நெடிய சிகரத்தில், அருவி வீழும் குடவரையில் நிற்கும் பாவை, காற்று மோதி இடிப்பினும், மழைத்துளி விரைந்து தாக்கினும், இடியேறு சினந்து எறியினும், வேறு ஊறுகள் பல நேரினும், பெருநிலமே அசையினும் தன் அழகிய உருவம் கெடாதது. அதுபோல அவளும் என் நெஞ்சை விட்டு நீங்காள் என்பது அவன் கூற்று.

காற்று, மழை, இடி என மூன்றும் வானத்திலிருந்து வருவன. ஈற்றில் வருவது நிலநடுக்கம். அது வானத்தைச் சார்ந்ததன்று. இடையில் வேறு ஊறுகள் என்பதொன்று. ஆதலின் இது வானிலைப் பட்டியல் அன்று. கேடு செய்ய வல்லவற்றின் பட்டியல். வலிமையில் ஏறிச்செல்லும் வரிசை. ஒவ்வொன்றையும் தாங்கி நிற்கும் பாவையைச் சொல்லச் சொல்ல, காவலும் இளமையும் அருமையும் என்று பாங்கன் அடுக்கிய தடைகள் சிறுத்துப் போகின்றன. பாங்கனின் அடுக்கிற்கு எதிரடுக்காக இவ்வியற்கை அடுக்கு அமைந்ததே இப்பாட்டின் அழகு. உரை எழுதுவார் சொற்பொருள் கூறுவதோடு நின்றுவிடுவதால் இவ்வமைப்பு மாணவர் கண்ணிற் படாது போகிறது.

ஆயின் வானிலை பற்றி இப்பாட்டு ஒன்றுமே கூறவில்லையா? கூறுகிறது. பாவை நிற்குமிடம் குடவரை. குறுந்தொகை 89 இலும் தெய்வம் குடவரையில் எழுதிய பாவை என்றே வருகிறது. நற்றிணை 192 இலும் பூதம் அமைத்த பாவை குடவரையிலேயே உள்ளது. எழுதியது தெய்வமா, அமைத்தது பூதமா என்பதில் வேறுபடும் பாடல்கள், இடத்தில் ஒன்றுபடுகின்றன. குடவரை என்பதை மேற்கு மலை என்று கொள்வாரும், மலையின் மேற்குப் பக்கம் என்று கொள்வாரும் உளர். பின்னதைக் கொண்டால், தென்மேற்குப் பருவக்காற்று முதலில் மோதும் முகம் அதுவே. பாலக்காட்டுக் கணவாய் வழியே நுழைந்து கொங்குநாட்டின் மேல் கிழக்கு நோக்கி வீசும் ஆடிக்காற்றின் வேகம் அந்நாட்டார் அறிந்தது. பாவைக்கு நேரும் ஊறுகளுள் காற்றை முதலில் வைத்த புலவர், அது மோதி இடிக்கும் பக்கத்திலேயே பாவையை நிறுத்தினார் எனின் பொருந்தும். இப்பொருத்தம் பாட்டிற்கு வலி சேர்க்கிறது. பருவம் கூறாத குறிஞ்சிப் பாட்டாதலின், காற்றின் காலத்தை இதிலிருந்து கணித்தல் மட்டும் ஆகாது.

நற்றிணை 192 இல் தீராத சிக்கல் ஒன்று உண்டு. அங்கே பாவை விரிந்த கதிரையுடைய இளவெயிலில் தோன்றுவதாகக் கூறப்படுகிறது. தலைவியின் மேனி அழகிற்கு அது உவமை. இளவெயில் என்றால் காலை வெயில் என்று கொள்வதே வழக்கு. காலை வெயில் கிழக்குச் சரிவில் விழும். மேற்குச் சரிவு அப்போது மலையின் நிழலில் இருக்கும். குடவரை மலையின் மேற்குப் பக்கம் ஆயின் இளவெயில் அங்கு எப்படிப் படிந்தது? குடவரைக்கு மேற்கு மலை என்ற பொருளைக் கொண்டு சிக்கலை நீக்கலாம். அல்லது இளவெயில் என்பதை மஞ்சு விலகியபின் படியும் மெல்லிய வெயில் என்று கொள்ளலாம். மஞ்சு தங்கும் மலையில் அது காலம் தாழ்த்தே வரும். அல்லது சாயுங்கால வெயில் எனலாம்; அதற்கு வேறிடத்து ஆட்சி காட்டவேண்டும். இம்மூன்றனுள் இரண்டாவதே எனக்குப் பொருத்தமாகத் தோன்றுகிறது. மஞ்சு திரண்டு மறைப்பதும் கலைந்து காட்டுவதுமான மலையில், பாவை தோன்றுதல் என்ற வினைக்கு அப்போதுதான் முழுப்பொருள் கிடைக்கும். தோன்றுதல் என்பதற்கு விளங்குதல் என்று மட்டும் பொருள் கூறிச் செல்வார், முன்னர் மறைந்திருந்தது என்ற குறிப்பை இழக்கின்றனர். மேற்குச் சரிவில் எத்திங்களில் எந்நாழிகைக்கு வெயில் இறங்குகிறது, மஞ்சு எப்போது விலகுகிறது என்பதைச் சில திங்கள் அங்கே தங்கிக் குறித்து வந்தால், இவ்வுரைச் சிக்கலில் ஒருபுறம் சாய்வதற்கு வழி பிறக்கும்.